மயில்கழுத்துச் சேலை

காணாமல்போன தங்கை மயில்கழுத்து நிறச் சேலை உடுத்தியிருந்தாள் என்று அஞ்சுகம் காவல் நிலையத்தில் சொன்னாள். ஏட்டு 'நீலம்' என்று எழுதிக்கொண்டார். அடுத்த நான்கு நாளும் போய்க் கேட்டாள். "நீலச் சேலையில யாரும் ஆஸ்பத்திரிக்கு வரலம்மா" என்றே அவர் சொன்னார். ஐந்தாம் நாள் தானே ஆஸ்பத்திரிக்குப் போனவள், பிணவறையில்தான் தங்கையைக் கண்டாள். லாரி மோதிய, பெயர் தெரியாத பெண், பச்சைச் சேலை என்று சீட்டில் இருந்தது. "மூணு நாள் நெனவில்லாம உசுரோட கெடந்துச்சு. ஒருத்தரும் தேடி வரல" என்றார் அங்கிருந்த ஊழியர். அஞ்சுகம் அந்தச் சேலையை வாங்கிக்கொண்டு நேராக நிலையத்துக்குப் போனாள். ரத்தம் காய்ந்திருந்த முந்தானையை ஏட்டின் மேசைமேல் விரித்தாள். "இப்ப எழுதுங்க. இது என்ன கலரு?" அவர் சேலையைப் பார்க்காமல், "உக்காரும்மா" என்றார். அவள் உட்காரவில்லை.