படிக்காமல் போட்ட கையெழுத்து

"கோப்பைப் படிச்சுப் பார்த்துத்தானே இந்த வழக்குக்கு அனுமதி கொடுத்தீங்க?"

அரசு வக்கீல் சும்மா சடங்குக்குத்தான் கேட்டார். ஆமாம் என்று சொன்னால் முடிந்தது.

கூண்டில் நின்ற பி.எஃப். அதிகாரி கைக்குட்டையால் கழுத்தைத் துடைத்துக்கொண்டார்.

"இல்லைங்க. கட்டுக் கட்டா வந்தது. படிக்காமலே கையெழுத்துப் போட்டுட்டேன்."

அரசு வக்கீல் தலையில் கை வைத்துக்கொண்டார்.

தையல் கம்பெனி வழக்கு அது. தொழிலாளர் சம்பளத்தில் மாதாமாதம் பி.எஃப். பிடித்தார்கள், கட்டவே இல்லை. ஒருநாள் கேட்டில் பூட்டு. முதலாளி முகத்தை ஒருத்தரும் பார்த்ததில்லை. எல்லாம் மேனேஜர் ராஜ்யம்.

அனுமதியே செல்லாது என்று மனுப் போட்டிருந்த கம்பெனி டைரக்டர், குற்றவாளிக் கூண்டில் தலை குனிந்து நின்றார். அவருக்கு வாதாடியவர் இலவச சட்ட உதவி வக்கீல். ஊரான் காசைத் தின்றவனுக்கு வக்கீலுக்குக் கொடுக்கவும் மனசு வரவில்லை பாருங்கள்.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். "படிக்காம கொடுத்தது அனுமதியே இல்லை. வழக்கு தள்ளுபடி. ஒழுங்கா விசாரிச்சு, புதுசா அனுமதி வாங்கிட்டு வாங்க." அதிகாரியைப் பார்த்தார். "உங்க மேல நடவடிக்கை எடுக்கச் சொல்லி எழுதப்போறேன்."

"சரிங்க ஐயா."

வெளியே, மாடிப்படியில் அதிகாரியை மறித்தாள் அந்தக் கம்பெனி கட்டிங் மாஸ்டரின் மனைவி.

"எவ்வளவுய்யா வாங்கினே? எங்க வீட்டுக்காரர் கண்ணு மங்குற வரைக்கும் அங்க கத்தரி பிடிச்சார். இன்னிக்கு மருந்துக்கு நான் வீடு வீடா பாத்திரம் தேய்க்கிறேன். எங்க வயித்துல அடிச்சவனைக் கைதட்டி அனுப்பி வெச்சிட்டியே, நீ நல்லா இருப்பியா?"

"என் தப்புதாம்மா" என்றார் அதிகாரி. கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு மெல்ல இறங்கினார்.

பின்னால் வந்த அவர் ஆபீஸ் கிளார்க் முணுமுணுத்தார். "ஆமாம்னு சொல்லிடுங்கன்னு மேலிடத்துல படிச்சுப் படிச்சுச் சொன்னாங்க. அடுத்த மாசம் ரிட்டையர்மென்ட். இனிமே பென்ஷன் வந்த மாதிரிதான்."

"நல்லா வேணும்" என்றாள் அவள். ஆத்திரம் அடங்கவில்லை. தூணில் சாய்ந்து நின்ற டைரக்டரிடம் போனாள்.

"என்ன முதலாளி, தப்பிச்சிட்டீங்க போல."

அவர் கைகூப்பினார்.

"நான் முதலாளி இல்லம்மா. அவரோட டிரைவர். பேரு எழுதத் தெரியும், படிக்கத் தெரியாது. சம்பளம் ஏத்தியிருக்கேன், கையெழுத்துப் போடுன்னாரு. போட்டேன். என்னை டைரக்டராக்கிட்டு எந்த நாட்டுல போய் உட்கார்ந்திருக்காரோ."

அவள் அவரை ஏற இறங்கப் பார்த்தாள்.

"இதை யார்கிட்டயும் சொல்லலையா?"

"சொல்லாத ஆள் இல்ல. யாரும் காதுல போட்டுக்கல. போன வாரம் அந்த ஆபீசர் வீட்டு வாசல்ல போய் நின்னேன். அதுக்கப்புறம்தான் கோப்பையே எடுத்துப் படிச்சிருக்காரு."

"படிச்சிட்டு?"

டிரைவர் சட்டைக் கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"'படிக்காம கையெழுத்துப் போட்டதுக்கு ஜெயில்னா, நான்தான் போகணும்ப்பா. உனக்குப் படிக்கத் தெரியாது, எனக்குத் தெரியுமே'ன்னாரும்மா."