ஈரப்பதம் பதினாறு

வெள்ளைக்காரர் தார்ப்பாயை விலக்கி, ஒரு கை நெல்லை அள்ளி முகர்ந்து பார்த்தார். பிறகு நோட்டை எடுத்து எழுதத் தொடங்கினார். நெல் கொள்முதல் நிலைய கிளார்க் மதிவாணன் டீ கிளாஸைக் கீழே வைத்தான்.

"யாரும்மா இவரு?"

"ஜெர்மனியிலேருந்து வந்திருக்காரு சார். எல்லாத்தையும் பாத்து எழுதணுமாம்" என்றாள் கவிப்ரியா. நெல்லுக்குச் சொந்தக்காரி அமிர்தத்தின் அண்ணன் மகள்; தஞ்சாவூரில் படிக்கிறவள்.

"உலக வங்கியிலேருந்து சோதனைக்கு வந்திருக்காரு சார், சந்தேகமே இல்ல" என்று லோடுமேன் ரெத்தினம் கிசுகிசுத்தார்.

அமிர்தம் பதினோரு நாளாக அந்தக் குறுவை நெல்லுக்குக் காவல் கிடக்கிறாள். ஈரப்பதம் பதினேழு சதவீதத்தைத் தாண்டினால் எடுக்க மாட்டார்கள். கொளுத்துகிற வெயிலிலும் மதிவாணனின் மிஷின் தினமும் பத்தொன்பதுதான் காட்டியது; காசு வெட்டினால்தான் இறங்கும். இன்றைக்கோ வானம் கறுத்துவிட்டது. நனைந்தால் நெல் முளைத்துவிடும், பட்ட பாடெல்லாம் போச்சு.

வெள்ளைக்காரர் ஏதோ கேட்டார். கவிப்ரியா தயங்கினாள்.

"நேத்து அழுதப்ப எந்தக் கண்ணுல முதல்ல தண்ணி வந்துச்சுன்னு கேக்குறாரு அத்தை."

"இடது கண்ணுன்னு சொல்லு."

அதையும் எழுதிக்கொண்டார். உலக வங்கி இவ்வளவு நுணுக்கமா என்று மதிவாணன் வெலவெலத்துப் போனான். அடுத்த கேள்வி அவனுக்கு.

"சார், நீங்க எதுக்கு ரொம்பப் பயப்படுவீங்கன்னு கேக்குறாரு."

போதும். மிஷின் ஓடி வந்தது. தூறல் விழ ஆரம்பித்திருந்தும் ஈரப்பதம் பதினாறு காட்டியது. ஒரு மணி நேரத்தில் கடைசி மூட்டைவரை ஷெட்டுக்குள் போய், ரசீதும் கைக்கு வந்துவிட்டது.

அமிர்தத்துக்கு மறுபடி அழுகை வந்தது, இந்த முறை இரண்டு கண்ணிலும். "அய்யா, உங்க புள்ளக்குட்டிங்க நல்லா இருக்கணும்" என்று கும்பிடப் போனாள். அவரோ ஓரமாக உட்கார்ந்து, எழுதிய தாள்களை ஒவ்வொன்றாகக் கிழித்துக்கொண்டிருந்தார்.

"ஏன்டி கிழிக்கிறாரு? பேங்குல கோவிச்சுக்க மாட்டாங்களா?"

"எந்த பேங்கும் இல்ல அத்தை. ஜெர்மனியில டிவி சீரியலுக்கும் சினிமாவுக்கும் கதை எழுதுறவரு, இருபத்தாறு வருஷமா. கடைசி மூணு கதையை யாரும் வாங்கலையாம். பெரிய கோயில் வாசல்ல சோர்ந்துபோய் உக்காந்திருந்தாரு, நான்தான் கூட்டியாந்தேன். உங்க கதையையாவது வாங்குவாங்கன்னு நெனச்சாரு."

"அந்தக் கதைக்கு என்ன கொறச்சல் இப்ப?"

"காரணமே இல்லாம வில்லன் திருந்திட்டானாம்!"