யேசுதாஸின் உல்லாசக் கப்பல்

பெரியபாளையம் ஆற்றில் யேசுதாஸ் விட்ட உல்லாசக் கப்பல், 1967-ஆம் வருஷம் நஷ்டத்தில் ஓடியது. இந்த ஆடித் திருவிழாவிலாவது லாபம் காட்டாவிட்டால், கப்பலை விற்றுவிட்டு எண்ணூர் கம்பெனி வேலைக்குப் போய்விட வேண்டும் என்று மனைவி விக்டோரியா சொல்லிவிட்டாள்.

"வர்றதை எல்லாம் டீசலே துன்னுடுது," என்றான் யேசுதாஸ்.

"அப்ப இன்னாத்துக்குயா எஞ்சினு? வித்துடு."

விற்றான். செலவு பாதியாகக் குறைந்தது. துணைக்கு இருந்த படகோட்டிகளையும் நிறுத்தினான். டிக்கெட்டைவிடக் கப்பலுக்குள் விற்ற பஜ்ஜியும் சோடாவும்தான் வருமானத்தை அள்ளிக் கொடுத்தன. விறகுச் செலவும் மிச்சம். கப்பலின் அடிப்பலகைகளை ஒவ்வொன்றாகப் பெயர்த்து அடுப்பில் வைத்தாள் விக்டோரியா.

"ஆட்டமே இல்ல, குமட்டலும் இல்ல. சொகமா கீது," என்று பக்தர்கள் மறுபடி மறுபடி ஏறினார்கள்.

விக்டோரியாவே மனம் இளகினாள். "கம்பெனி வேலை வாணாம்யா. இன்னொரு கப்பல் வாங்கிக்கலாம்."

அப்போது மேற்கிலிருந்து மாடு மேய்க்கும் வேலு மூச்சிரைக்க ஓடி வந்தான்.

"நைனா, எல்லாரையும் எறக்கு. ஆந்திராவுல மழையாம். ஆத்துல தண்ணி வந்துகினு கீது."

யேசுதாஸ் கப்பலிலிருந்து குதித்து, சுடுமணலில் தொப்பென்று உட்கார்ந்தான்.

"போச்சு விக்டோரியா. தண்ணி வந்துட்டா அப்பறம் எப்டி கப்பல் வுடுறது?"