வெட்டையில் நின்ற விமானம்

ஊரே பதுங்குகுழி வெட்டிக்கொண்டிருக்க, குணநாயகம் விமானம் கட்டிக்கொண்டிருந்தார். எப்போதோ வெளிநாட்டிலிருந்து தருவித்த வரைபடத்தை விரித்துவைத்து, மேலொன்றும் கீழொன்றுமாக இரட்டை இறக்கைகளை மரத்தில் இழைத்தார். அவற்றுக்குப் போர்த்தத் தன் கூறைச்சேலையையே எடுத்துவிட்டார் என்று தெரிந்ததும் மனைவி இரத்தினேஸ்வரிக்குக் கண்மண் தெரியாத கோபம் வந்தது.

"விளக்கெரிக்க மண்ணெண்ணெய் இல்லை, இவருக்குப் பிளேன் கேக்குது! அதையும் ஆளில்லாத வெட்டைவெளியில கொண்டுபோய் வச்செல்லோ செய்யிறார்!"

அக்கராயன் சந்தையில் கத்தினாள். கிளிநொச்சி பஸ்ஸில் கத்தினாள். இராணுவத்தின் பிடியிலிருந்த வவுனியாவுக்குப் போகிறவர்களிடமும் சொல்லி அழுதாள். அவர் தன்பாட்டில் இறக்கையை இழைத்துக்கொண்டிருந்தார்.

ஒருநாள் காலை குண்டுவீச்சு விமானங்கள் வந்தன. இடம்பெயர்ந்த சனங்கள் நிறைந்திருந்த பள்ளிக்கூடத்தைத் தாண்டி, நேரே வெட்டைக்குப் போய் எல்லாக் குண்டுகளையும் கொட்டிவிட்டுத் திரும்பின.

பதுங்குகுழியை விட்டு வெளியே வந்ததும் அவள் கணவன்மேல் பாய்ந்தாள். "பாத்தீங்களே? பறக்க முதலே சாம்பலாப் போச்சு!"

"பறக்கிறதுக்கு நான் அதைச் செய்யேல்லை, ஈசு. அதுக்கு இஞ்சினே இல்லை. பள்ளிக்கூடத்தில விழப்போற குண்டை அங்கால இழுக்கத்தான் செய்தனான்."

"அதை ஏன் எனக்குச் சொல்லேல்லை?"

"சொல்லியிருந்தால் நீர் இவ்வளவு கோபமாக் கத்தியிருப்பீரோ? நீர் கத்தினபடியால்தானே கதை அவங்கடை காதுக்குப் போனது."

அவளுக்கு உடம்பெல்லாம் பற்றியெரிந்தது. வானத்தை அண்ணாந்து பார்த்துக் காறித் துப்பினாள்.

"அடுத்ததைக் கெதியாச் செய்யுங்கோ," என்றாள். "இந்தமுறை நானே வவுனியாவுக்குப் போய்க் கத்துறன்."