பதினேழாம் வருடத்து வெள்ளை

ரொறன்ரோவில் குளிர்காலம் வராமல் போய்ப் பதினேழு வருடங்கள். டியூலிப் கிழங்குகளோ மூன்று மாதம் குளிரில் உறங்கினால்தான் பூக்கும். அதனால் எல்லா வீடுகளையும் போல தர்மிகா வீட்டிலும் ஃபிரிட்ஜின் கீழ்த்தட்டு அவற்றுக்கே. பிறகுதான் நடுவார்கள்.

அன்று காலை ஆறு வயது மகள் ஆரபி தோட்டத்திலிருந்து வெறுங்காலோடு ஓடிவந்தாள்.

“அம்மா, புல்லில ஆரோ உப்புக் கொட்டிப்போட்டினம்! கால் எரியுது!”

தர்மிகா வெளியே போய், மண்டியிட்டு அந்த வெள்ளையைத் தொட்டாள். அது விரலில் கரைந்தது.

“உப்பில்லையடா. உறைபனி.”

உள்ளே ஓடிக் கிழங்குகளை அள்ளி வந்தாள். வீட்டில் கையுறை என்ற பொருளே இல்லை. விறைத்த விரல்களால் குழி தோண்டினாள்.

“இன்னும் ரெண்டு மாசம் ஃபிரிட்ஜில இருக்கவேணுமே அம்மா! நாளைக்குக் குளிர் போயிட்டா இதுகள் பூக்காதே?”

“பூக்காட்டிலும் பரவாயில்லை. இதுகளும் ஒருக்கா உண்மையான பனியைக் காணட்டும்.”