கிரைண்டர் சத்தத்தில் படித்த பட்டம்

திறந்தநிலைப் பல்கலைக்கழகத்தில் பட்டம் வாங்கிய பிறகே பிளஸ் டூ எழுதியவள் செண்பகவல்லி. அந்த வரிசை செல்லாது, அவளுடைய அரசு வேலை தனக்கே வரவேண்டும் என்று வழக்குப் போட்டவள், தேர்வுப் பட்டியலில் அவளுக்கு அடுத்திருந்த மதிவதனி. தீர்ப்பு நாளன்று நீதிமன்ற வராந்தாவில் இருவருக்கும் ஒரே பெஞ்சுதான் கிடைத்தது.

"அக்கா, அந்தப் பட்டத்த ஒரு தடவ பாக்கலாமா? மூணு வருஷமா நகல்லயேதான் பாக்குறேன்."

செண்பகவல்லி தயங்கி, உறையிலிருந்து எடுத்துக் கொடுத்தாள். மதிவதனி கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு வாங்கினாள்.

"வரலாத்துல முதல் வகுப்பா! எப்பிடிக்கா படிச்சீங்க?"

"கிரைண்டர் ஓடுறப்ப வாய்விட்டுப் படிப்பேன். மாமியாருக்குக் கேக்காதுல்ல."

இத்தனை நாளில் எந்த வக்கீலும் இதைக் கேட்டதில்லை. உள்ளே வழக்கு எண்ணை அழைத்தார்கள். பட்டம் கசங்காமல் இரு கைகளிலும் ஏந்தியபடி மதிவதனி முன்னால் நடந்தாள். செண்பகவல்லி அதைத் திருப்பிக் கேட்காமல் பின்னாலேயே போனாள்.