ஒன்பதாம் அத்தியாயம்

“மிஸ், தண்ணி குடிச்சிட்டு வரட்டுமா?”

டீச்சர் ஒன்பதாம் அத்தியாயத்தைப் படிக்க அப்போதுதான் வாயைத் திறந்திருந்தார்.

“இப்பதானே குடிச்ச?”

“மறுபடியும் தாகம் மிஸ்.”

கேட்டவன் வாலு. வகுப்பு கொடுத்த அந்தப் பட்டத்துக்கு ஒருநாளும் துரோகம் செய்யாதவன்.

“உட்காரு. எல்லாரும் கேளுங்க. ‘அன்றைக்கு மொட்டை மாடியில் அவள் மட்டும்...’”

பின் பெஞ்சில் ஒருத்தி தும்மினாள். அவளைத் தொடர்ந்து ஏழெட்டுப் பேர் தும்மினார்கள். ஒரு வட்ட டிபன் பாக்ஸ் கீழே விழுந்து கதவு வரைக்கும் உருண்டது. யாரோ “பல்லி!” என்று கத்த, பாதி வகுப்பு பெஞ்சு மேல் ஏறி நின்றது. முன் பெஞ்சில் சிட்டு மட்டும் அசையாமல், டீச்சர் கையிலிருந்த புத்தகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

டீச்சருக்கு அழுகையே வந்துவிட்டது. வேலைக்குச் சேர்ந்து ஒரு மாதம்கூட ஆகவில்லை. கடைசி பீரியடில் கதை படிக்கிறேன் என்று தலைமையாசிரியரிடம் கெஞ்சிக் கூத்தாடி வாங்கிய அனுமதி. “சத்தம் என் ரூமுக்குக் கேட்டுச்சுன்னா, அந்த பீரியடைக் கணக்குக்குக் கொடுத்துடுவேன்” என்று அவரும் கறாராகச் சொல்லியிருந்தார்.

நேற்று வரை மணி அடித்த பிறகும் “இன்னும் ஒரு பக்கம் மிஸ்” என்று கெஞ்சிய கூட்டம்தான் இது. என்ன கதை படிக்கலாம் என்று டீச்சர் முழித்த நாளில் யாரோ மேஜையில் வைத்துவிட்டுப் போன புத்தகம். நட்சத்திரங்களுக்கெல்லாம் பெயர் தெரிந்த ஒரு பெண், எதுவுமே தெரியாத அவளுடைய நண்பன், மாடிக்குக் கூட்டிப் போய் வானத்தைக் காட்டும் அவள் அம்மா. பிள்ளைகள் அந்தக் கதையில் சொக்கிக் கிடந்தார்கள்.

“பிடிக்கலைன்னா சொல்லிடுங்க. மூடி வச்சிடறேன்.”

“மூடிடுங்க மிஸ்!” என்றான் வாலு, பட்டென்று.

வாசலில் தலைமையாசிரியர் வந்து நின்றார். வகுப்பு கப்சிப்.

“ஆரம்பிச்சது யாரு?”

யாரும் காட்டிக் கொடுக்கவில்லை. வாலு தானாகவே எழுந்து நின்றான்.

“வெளியே வா. டீச்சர், நீங்களும் வாங்க. நாளையிலேர்ந்து கணக்குதான்.”

“கணக்கே இருக்கட்டும் சார்” என்றான் வாலு, வராந்தாவுக்கு வந்ததும். கணக்கில் அவன் வாங்கும் மார்க்கைப் பார்த்தவர்களுக்குத்தான் அது எவ்வளவு பெரிய வார்த்தை என்று தெரியும்.

“கொழுப்பைப் பாருங்க!”

“கொழுப்பு இல்ல சார்.” குரலைத் தாழ்த்திக்கொண்டான். “லைப்ரரியில இன்னொரு காப்பி இருந்துச்சு. ஆசை தாங்காம எடுத்து முன்னாடியே படிச்சிட்டேன். இந்த ஒன்பதாவது அத்தியாயத்துல அந்தப் பொண்ணோட அம்மா செத்துப் போயிடறாங்க. எனக்கு அழுகை வந்துடுச்சு, அதுக்கு மேல படிக்கல. நம்ம சிட்டுவோட அம்மா பரீட்சை லீவுலதானே சார் இறந்தாங்க? மிஸ் புதுசு, அவங்களுக்குத் தெரியாது. அதான் எல்லார்கிட்டயும் சொல்லி வச்சு சத்தம் போட்டோம். சிட்டு இருக்கும்போது நாங்க யாரும் அம்மான்னே பேசறதில்ல சார்.”

திட்டத் தயாராக வந்த தலைமையாசிரியர் டீச்சரைத் திரும்பிப் பார்த்தார்.

“வேற புத்தகம் எடுத்துக்கறேன் சார்” என்றார் டீச்சர்.

“வேணாம் மிஸ். இதையே படிங்க.”

உருண்டு வந்த டிபன் பாக்ஸைக் கையில் வைத்துக்கொண்டு சிட்டு வாசலில் நின்றிருந்தாள்.

“எனக்கு இந்தக் கதை முழுசும் தெரியும். லீவுல திரும்பத் திரும்பப் படிச்சேன். உங்க மேஜையில கொண்டு வந்து வச்சதே நான்தான் மிஸ்.”

“ஏம்மா?”

“இனிமேதான் நல்லா இருக்கும். அதை இவங்க கேக்கணும்னுதான்.” வாலுவை முறைத்தாள். “யாருமே எங்கிட்ட எங்க அம்மாவைப் பத்தி ஒரு வார்த்தை கேக்க மாட்டேங்கறாங்க மிஸ். நான் வந்தாலே பேச்சை மாத்திடறாங்க.”

வாலு தரையைப் பார்த்தான்.

தலைமையாசிரியர் தொண்டையைச் செருமிக்கொண்டு உள்ளே போய்க் கடைசி பெஞ்சில் உட்கார்ந்தார். கால் உள்ளே நுழையவில்லை, குறுக்கே நீட்டிக்கொண்டார்.

டீச்சர் படித்தார். கதையில் அம்மா இறந்துபோனார். இப்போது யாரும் தும்மவில்லை, மூக்கை மட்டும் உறிஞ்சினார்கள். அந்தப் பெண் அதற்குப் பிறகு மாடிப் பக்கமே போவதில்லை. ஒருநாள் நண்பன் அவளை இழுத்துக்கொண்டு போய் உட்கார வைக்கிறான். வானத்தைக் காட்டி, ஒவ்வொரு நட்சத்திரத்துக்கும் தப்புத் தப்பாகப் பெயர் சொல்கிறான், வேண்டுமென்றே. பொறுக்க முடியாமல் அவள் திருத்த ஆரம்பிக்கிறாள். பிறகு அம்மா சொன்னது, அம்மா சிரித்தது என்று பேசிக்கொண்டே இருக்கிறாள், கீழே சாப்பிடக் கூப்பிடும் வரை.

மணி அடித்தது. யாரும் எழுந்திருக்கவில்லை.

“நாளைக்கும் கதைதான்” என்றார் தலைமையாசிரியர். கர்சீப்பைத் தேடிக்கொண்டே வெளியே போனார்.

வெளியே தூறல். வாலு பையை மாட்டிக்கொண்டு சிட்டு பக்கத்தில் போய் நின்றான். தலையைச் சொறிந்தான்.

“மழை வந்தா உங்க அம்மா ஒரு குடை எடுத்துட்டு வருவாங்களே... பச்சைக் குடை.”

“பச்சையா? லூசு, நீலம்!” சிட்டு திரும்பினாள். “வெள்ளைப் புள்ளி போட்ட நீலம். ஒரு கம்பிகூட உடைஞ்சிருக்கும். புதுசு வாங்கலாம்மான்னா கேக்கவே மாட்டாங்க, தெரியுமா? ஒரு நாள் காத்துல அப்படியே திரும்பிக்கிச்சு, அம்மா சிரிச்ச சிரிப்பு இருக்கே...”

கேட்டைத் தாண்டியும் அவள் நிறுத்தவில்லை. வாலு “அப்படியா, அப்படியா” என்று கேட்டுக்கொண்டே நனைந்தபடி கூட நடந்தான்.

போன வருஷம் மழை பெய்த நாளெல்லாம் அந்த நீலக் குடைக்குள் மூன்றாவது ஆளாக ஒண்டிக்கொண்டு வீடு போய்ச் சேர்ந்தவன் அவன்தான்.